குணவதி என்றொரு சீட்டு

அத்தியாயம் 6

வியாழக்கிழமை காலை ஒன்பது மணிக்கு எங்களிடம் இருந்தது ஒரே ஒரு சீட்டு. துறவி ஒருவரைச் சனிக்கிழமைக்குள் கண்டுபிடிக்க அதுதான் மொத்தத் துப்பு. இருபத்தெட்டு வருடம் ஆக்லாந்தில் பஸ் ஓட்டியவன் சொல்கிறேன், பஸ் டிக்கெட்டின் பின்பக்கத்தில்கூட இதைவிட அதிக விவரம் இருக்கும்.

"அங்கிள், மொணமொணன்னு பேசாம அந்த ஹீட்டரை ஆண்ட்டி பக்கம் தள்ளுங்க," என்றாள் ஷாரோன்.

தள்ளினேன். மவுண்ட் வெல்லிங்டனில் ஒரு டயர் கடைக்கு மேலே இருக்கும் ஒற்றை அறைதான் ஷாரோன் அந்தோணிசாமியின் துப்பறியும் அலுவலகம். மலேசியாவின் கிள்ளான்காரி. இன்சூரன்ஸ் கம்பெனியில் பொய்க் கிளெய்ம் பிடிக்கும் வேலையில் இருந்தவள், நாற்பது தாண்டியதும் தனிக்கடை போட்டாள். நான் ஜெயரட்ணம், வயது அறுபத்தாறு, சம்பளம் கேட்காத உதவியாளன். மனைவி போய் மூன்று வருடம் ஆகிறது. மகள் பிரணவி வெலிங்டனில் இருக்கிறாள். ஞாயிறு தோறும் போன் எடுத்து "யூ ஓகே, அப்பா?" என்பாள், நான் ஓம் என்பேன், அதோடு அந்த வாரத்துப் பேச்சு முடிந்தது. வீட்டில் இருந்தால் ஃப்ரிட்ஜ் ஓடும் சத்தம் மட்டும் கேட்கும். அது பிடிக்காமல்தான் இங்கே வருகிறேன், துப்பறியும் ஆசையால் இல்லை.

எதிரே உட்கார்ந்திருந்த குணவதிக்கு அறுபத்து மூன்று வயது. யாழ்ப்பாணம், பாஷையூர். கைப்பையை மடியில் வைத்து இரண்டு கையாலும் பிடித்திருந்தார்.

"அண்ணையின்ர பேர் இராசநாயகம், எங்கட அப்பு சவிரிமுத்து," என்றார். "எண்பத்து மூண்டில பிரான்சுக்குப் போனவர். போய் ரெண்டு வருசத்தில ஒரு மடத்தில துறவியாச் சேர்ந்திட்டார். தொண்ணூற்றைஞ்சு வரைக்கும் கடிதம் வந்தது. பிறகு நாங்கள் இடம்பெயர்ந்து வன்னிக்குப் போனம். அதுக்குப் பிறகு ஒண்டுமில்லை. இஞ்ச வந்து மடத்துக்கு எழுதிப் பாத்தன். மூடியாச்சு எண்டு கடிதம் திரும்பி வந்தது."

"மடத்துல அவருக்கு என்னா வேலை ஆண்ட்டி?"

"பேருக்குப் பொருள் தேடுற வேலை. எண்ணூறு வருசத்துக்கு முந்தி இருந்த துறவியளின்ர பேருகளைப் பழைய ஏடுகளில இருந்து எடுத்து, ஒவ்வொண்டுக்கும் என்ன பொருள் எண்டு சீட்டில எழுதி அடுக்கிறது. மடத்துக்காரர் நூறு வருசமாச் செய்யினமாம்."

"நல்ல வேலை," என்றேன். "ஜெயரட்ணம் எண்டால் வெற்றி மணி. அறுபத்தாறு வருசத்தில ஒரு லொத்தரும் விழேல்லை."

குணவதி சிரிக்கவில்லை. ஷாரோன் என்னைப் பார்த்த பார்வையில் நானும் நிறுத்திக்கொண்டேன்.

போன ஞாயிறு பூசை முடிந்து யாரோ காரில் ஏற்ற, குணவதி வெஸ்ட்கேட்டில் ஓர் ஆப் ஷாப்புக்குப் போயிருக்கிறார். தானமாக வந்த பழைய சாமான்களை விற்கும் கடை. ஆறு கோப்பை வாங்கினார். வீட்டுக்கு வந்து பிரித்தால், ஒரு கோப்பைக்குள் திணித்திருந்த தடித்த காகிதச் சீட்டில் அண்ணனின் கையெழுத்து. நான்கே வரி. *குணவதி. நற்குணம் உடையவள். மகளுடன்.* மேல் மூலையில் *17 மே.*

"என்ர பிறந்தநாள் கார்த்திகையில," என்றார் குணவதி. "எனக்கு மகளும் இல்லை. ஒரே ஒரு மகன், நிதின், பேர்த்தில இருக்கிறான். நாளும் பிழை, பிள்ளையும் பிழை. இந்த ஊரிலதான் எங்கயோ இருக்கிறார். என்ர பேரை எழுதி வச்சிருக்கிறார். ஆனா ஒருநாள் தேடேல்லை."

கைப்பையை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு தொடர்ந்தார்.

"புருசனும் போன வருசம் காலமாகிட்டார். சனிக்கிழமை மகனிட்டப் போறன், இனித் திரும்பி வரமாட்டன். அதுக்கு முன்னம் அண்ணையை ஒருக்காப் பாக்கோணும். நான் வேண்டாமெண்டால் அதை என்ர முகத்தைப் பாத்துச் சொல்லட்டும். கேட்டிட்டுப் போறன்."

ஷாரோன் சீட்டைச் சன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். அடிப்பக்கத்தில் நடுவே, பட்டாணி அளவில் ஒரு ஓட்டை. "அங்கிள், கார் சாவி," என்றாள்.

*

வெஸ்ட்கேட் நேற்று முளைத்த ஊர். கார் நிறுத்துமிடத்தைக் கட்டி முடித்துவிட்டு, மிச்சம் இருந்த இடத்தில் கடைகளை வைத்த மாதிரி இருக்கும். ஆப் ஷாப்பில் கல்லாவில் நின்றவர் வேதவள்ளி, அவரும் மலேசியாதான், ஈப்போவிலிருந்து மகன் குடும்பத்தோடு வந்தவர். வாரத்தில் நான்கு நாள் இங்கே சம்பளமில்லாத வேலை. காரணம் கேட்டபோது, "வீட்டுல எல்லாரும் வேலைக்குப் போயிடுறாங்க, சுவத்தோடயா பேசுறது?" என்றார். எனக்கு அவரை உடனே பிடித்துப் போயிற்று.

சீட்டைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டார். "நெறைய இருந்துச்சும்மா. மேலே இருந்ததெல்லாம் பிரெஞ்சுல எழுதியிருந்ததால கேக்கு செய்முறைன்னு நெனச்சேன். தடிப்பான தாளாச்சே, கப்பு சுத்தறதுக்கு நல்லாருக்கும்னு வெச்சிருந்தேன். ஒரு பதினஞ்சு, இருபது போயிருக்கும்."

மிச்சத்தை ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுக் கொடுத்தார். நானூறுக்குக் குறையாது.

"பையிலதான் வந்துச்சா ஆண்ட்டி? பெட்டி, லாச்சி, அந்த மாதிரி இழுப்பறை எதுலயும் இல்லையா?"

"இல்லே இல்லே, பையிலதான்," என்றார் வேதவள்ளி, கேள்வி முடியுமுன்னே.

ஷாரோன் தலையாட்டினாள். சாமான் எங்கிருந்து வந்தது என்று பதிவேட்டைப் பார்க்கச் சொன்னாள். ஜூலை முதல் வாரம், மவுண்ட் ஆல்பர்ட், ஒரு வீட்டைக் காலி செய்து லாரி அனுப்பியிருந்தார்கள்.

காரில் ஏறியதும் கேட்டேன், "பிள்ளை, அந்தம்மா ஏன் அவ்வளவு அவசரமா இல்லையெண்டு சொன்னவ?"

"பொறுங்க. பொய் சொல்ற பழக்கம் இல்லாதவங்க. அவங்களே தாங்க மாட்டாங்க."

*

மவுண்ட் ஆல்பர்ட் வீடு பழைய மர வில்லா. முன்னால் வாடகைக்கு என்ற பலகை. சன்னலுக்குள் ஒன்றுமில்லாத அறைகள். பக்கத்து வீட்டு வெள்ளைக்கார அம்மாள் வேலியோரம் வந்து நின்றார். எண்பதுக்கு மேல் இருக்கும். மழை தூறத் தொடங்கியதும் எங்களை உள்ளே அழைத்துத் தேநீர் போட்டார், ஆள் கிடைத்த சந்தோஷத்தில் பிஸ்கட் டின் முழுவதையும் மேசையில் கவிழ்த்தார்.

இராசநாயகம் என்ற பெயர் அவருக்குத் தெரியவில்லை. "ரெமியைச் சொல்கிறீர்களா?" என்றார்.

துறவியானால் மடம் புதுப் பெயர் வைக்கும். குணவதி பன்னிரண்டு வருடமாக இந்த ஊரில் இராசநாயகத்தை விசாரித்திருந்தாலும் கிடைத்திருக்க மாட்டார், ஏனென்றால் அந்தப் பெயரில் இங்கே ஒருவரும் இல்லை.

பக்கத்து வீட்டில் இருந்தவர்கள் இரண்டு துறவிகள். ஃபாதர் கிளெமெண்ட் இதே தெருவில் பிறந்து, சிறு வயதில் பிரான்சுக்குப் போனவர். பதின்மூன்று வருடத்துக்கு முன் மடத்தை மூடியதும் தள்ளுநாற்காலியில் ஊர் திரும்பினார். நாற்காலியைத் தள்ளிக்கொண்டு வந்தவர் ரெமி. இந்த ஜூன் கடைசியில் கிளெமெண்ட் இறந்துபோனார்.

"ரெமி அடக்கத்துக்குப் போயிருந்த நேரத்தில் வீட்டுக்காரன் லாரியைக் கூப்பிட்டுவிட்டான்," என்றார் அம்மாள். "எல்லாவற்றையும் ஏற்றிவிட்டார்கள். நீளமான மர லாச்சி ஒன்றும் அதில் போய்விட்டது. அதைக் கேட்டு என்னிடம் வந்தார். ஆகாத மழை. தலையைக்கூடத் துடைக்காமல் இதே நாற்காலியில் உட்கார்ந்து அழுதார். இப்போது எங்கேயோ ஓர் அறை எடுத்திருக்கிறார். வாரம் முழுக்கப் பஸ் ஏறி, ஒவ்வொரு பழைய சாமான் கடையாகத் தேடுகிறார்."

"அந்த லாச்சியை வைத்து என்ன செய்வார்?" என்று ஷாரோன் கேட்டாள்.

"காலையில் சன்னல் திறந்திருந்தால் எனக்குக் கேட்கும். அதிலிருந்து ஒரு சீட்டை எடுத்து, கிளெமெண்டுக்கு உரக்க வாசிப்பார். இன்னொரு விநோதம் உண்டு. இரண்டே பேர் இருக்கும் வீட்டில் சில நாட்களில் மூன்று தட்டு வைப்பார். யாரும் வரமாட்டார்கள். பிறகு அந்த மூன்றாவது தட்டுச் சாப்பாட்டை மூடி எனக்குக் கொண்டுவந்து தருவார். நான் தனியாக இருக்கிறேன் அல்லவா, வேண்டாம் என்று சொல்வதில்லை."

"எந்தெந்த நாள் என்று ஞாபகம் இருக்கிறதா?"

"இல்லை. ஆனால் மே மாதம் நடுவில் ஒரு நாள் மட்டும் இரண்டு தட்டு கொண்டுவருவார். ஒவ்வொரு வருடமும். மீன் குழம்பு, காரமோ காரம். நான் ஒருத்திதானே, எதற்கு இரண்டு என்று கேட்டால் பதில் சொல்லமாட்டார்."

ஷாரோன் கோப்பையை மெல்லக் கீழே வைத்தாள். நான் ஏழாவது பிஸ்கட்டை எடுத்தேன், ஏனென்றால் எனக்கு ஒன்றும் விளங்கவில்லை.

*

ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் காரை நிறுத்தினேன். மழை கண்ணாடியில் வழிந்தது. ஷாரோன் சீட்டுகளை மடியில் தேதி வரிசையாக அடுக்கி, பிரெஞ்சைப் போனில் மொழிபெயர்த்து வாசித்தாள். *பெர்னார். கரடியின் துணிவு. 3 நவம்பர். ஜெரார். ஈட்டியின் வலிமை. 12 மார்ச்.* எல்லாவற்றுக்கும் பெயர், பொருள், நாள், மாதம். வருடம் எதிலும் இல்லை.

"பிறந்தநாள்தான் பிள்ளை," என்றேன். "எங்கட சனம் வேறென்னத்துக்குத் தேதி எழுதி வைக்கும்? கேக் வெட்டத்தானே."

"நான் புனிதர்களோட திருநாளுன்னு நெனச்சேன். ஆனா பெர்னார்டு திருநாள் ஆகஸ்டு இருபது. இதுல நவம்பர் போட்டிருக்கு. அது இல்லே." அவள் ஒரு சீட்டை உருவினாள். "இதைப் பாருங்க. மத்த எல்லாச் சீட்டுக்கும் மேல் மூலை எப்படியிருக்கு?"

"அழுக்கு. விரல் பட்டுப் பட்டுத் துணி மாதிரி வந்திட்டுது."

"இது?"

அது மட்டும் வெள்ளையாக, மூலை மடங்காமல் இருந்தது. தேதியைப் பார்த்தேன். 29 பிப்ரவரி.

"நாலு வருசத்துக்கு ஒருக்கால்தான் வெளிய வாறவர்," என்றேன். விளங்கியதும் எனக்கே முதுகு நிமிர்ந்துவிட்டது.

"ஆமா. ஒவ்வொரு சீட்டும் அதோட நாள்ல மட்டும் வெளிய வருது, வருஷத்துக்கு ஒரு தடவை. அகராதிக்கு எழுதின சீட்டு இப்படித் தேயாது."

"பிறந்தநாளும் வருசத்துக்கு ஒருக்கால்தானே வரும்?"

"அங்கிள், உங்க தாத்தா பொறந்த நாள் என்னா?"

யோசித்தேன். "தெரியாது. ஆவணி மாசம் எண்டு சொல்லுவினம்."

"இறந்த நாள்?"

"தை பத்தொன்பது," என்றேன். அதை யோசிக்க வேண்டியிருக்கவில்லை. வருடா வருடம் அப்பா திவசம் செய்து, விரதச் சோறு தின்ற வாய் அது.

சொல்லி முடித்த பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கு உறைத்தது. ஷாரோன் மழையைப் பார்த்துக்கொண்டு பேசினாள்.

"நமக்கே பெரியவங்க பொறந்த நாள் தெரியாது. எண்ணூறு வருஷத்துக்கு முந்தின சாமியாரோட பொறந்த நாள் யாருக்குத் தெரியும்? மடத்துல ஒருத்தர் போயிட்டா அந்த நாள்ல பேரை எழுதிக்குவாங்க. வருஷா வருஷம் அந்த நாள் வந்ததும் வாசிப்பாங்க. அந்த ஏடுகள்ல இருந்துதான் ஆராய்ச்சிக்காரங்களுக்கே பேரு கிடைச்சிருக்கு. போனவருக்கு ஒரு தட்டுச் சாப்பாடு வெச்சு, அதைப் பக்கத்துல இல்லாதப்பட்டவங்களுக்குக் குடுக்கிறதும் மடத்து வழக்கம்தான், எங்க பங்குச் சாமியார் சொல்லியிருக்கார். இவரு தன்னோட ஆளுங்களையும் அதே மாதிரி எழுதி வெச்சிருக்காரு."

நடு மே மாதம். இரண்டு தட்டு. மகளுடன்.

"ஐயோ," என்றேன்.

"நிச்சயமாத் தெரியணும். அவங்க அப்பா பேரு சவிரிமுத்துன்னு சொன்னாங்கல்ல?" சீட்டுகளைப் புரட்டினாள். இருந்தது. 9 ஜூலை. போனை ஸ்பீக்கரில் போட்டாள். குணவதி இரண்டாவது மணியிலேயே எடுத்தார்.

"ஆண்ட்டி, ஜூலை ஒன்பதுன்னா உங்களுக்கு என்னா ஞாபகம் வருது?"

"அப்பு கடலுக்குப் போய்த் திரும்பி வராத நாள்," என்றார் குணவதி. "ஏன் பிள்ளை?"

பொய்க் கிளெய்ம்காரர்களை அழவைத்தவள், இந்த ஒரு வாக்கியத்துக்குத் தடுமாறினாள். ஆனால் குணவதி மந்தமான ஆள் இல்லை.

"என்ர சீட்டும் அப்புவின்ர சீட்டும் ஒரே அடுக்கிலயோ இருந்தது?"

"ஆமா ஆண்ட்டி."

ஒரு ரயில் வந்து நின்று, இரண்டு பேரை இறக்கிவிட்டுப் போயிற்று.

"அப்ப, அவர் என்னை வேண்டாமெண்டு விடேல்லை," என்றார் குணவதி. "நான் செத்துப்போனன் எண்டு நினைச்சிருக்கிறார்."

பிறகு அழுதார். துக்கத்தில் அழுகிறாரா, ஆறுதலில் அழுகிறாரா என்று எனக்குப் பிரிக்கத் தெரியவில்லை. என் மனைவி இறந்த தேதியில் நான் இரண்டு தட்டு வைப்பதில்லை, ஒரு தட்டுக்கே அலுப்பாக இருக்கும். அன்றைக்கு அதை நினைத்து வெட்கமாக இருந்தது.

போனை வைத்த பிறகு ஷாரோன் சொன்னாள், "அவருக்கு இப்ப மனுஷங்கன்னு யாருமே இல்லே அங்கிள். அந்த லாச்சிதான் மொத்தக் குடும்பம். அதையும் லாரியில ஏத்திட்டாங்க."

"ஊரில நூறு ஆப் ஷாப் இருக்கு. நாளை ஒரு நாள்தான். எந்த பஸ்ஸில எண்டு தேடுறது?"

"தேடுற ஆளைத் தேடக் கூடாது. அவரு தேடுற சாமான் எங்க இருக்கோ அங்க உக்காந்துக்கணும்." மறுபடியும் போனை எடுத்தாள். "வேதவள்ளி ஆண்ட்டி? நான்தான். லாச்சி வீட்டுல எந்த ரூம்புல இருக்கு?"

அந்த முனையில் ஒரு பெருமூச்சு கேட்டது. "சமையலறையில," என்றார் வேதவள்ளி. "காசு குடுத்துதாம்மா எடுத்துக்கிட்டேன், திருடலே. நல்ல மரம். நடுவுல கம்பி ஒண்ணு ஓடுது, அதைக் கழட்டிட்டு மசாலா டப்பா அடுக்கியிருக்கேன். மறுவாரமே ஒரு மனுஷர் வந்து, மர லாச்சி வந்துச்சான்னு கேட்டாரு. குடுத்துடலாம்னு நெனக்கிறதுக்குள்ள இல்லேன்னு வாய் சொல்லிடுச்சு. சொன்னதை எப்படித் திருப்புறது? அவரு ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் வர்றாரு. பதினோரு மணி பஸ்சு. ஒவ்வொரு வெள்ளியும் நான் இல்லேன்னு சொல்றேன்."

*

வெள்ளிக்கிழமை பத்தரைக்கே நாங்கள் கடையில் இருந்தோம். குணவதி நீலச் சேலை கட்டியிருந்தார், மேலே மகனின் பழைய கோட். கோப்பை அடுக்கின் பின்னால் நிற்க வைத்தோம். லாச்சி கல்லாவில் இருந்தது, சீட்டுகளை ஷாரோன் கம்பியில் கோத்து வைத்திருந்தாள். கொத்தமல்லித் தூள் வாசம் இன்னும் போகவில்லை.

பதினொன்று ஐந்துக்குக் கதவு திறந்தது. குள்ளமான மனிதர், கம்பளித் தொப்பி, நனைந்த தோள்கள். பஸ்ஸில் இப்படிப்பட்டவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். இறங்கும்போது டிரைவருக்கு நன்றி சொல்லிவிட்டுப் போவார்கள், அந்த நாளில் அவர்கள் பேசிய ஒரே பேச்சு அதுவாக இருக்கும்.

வேதவள்ளி லாச்சியை அவர் பக்கம் தள்ளினார்.

அவர் அதை இரண்டு கையாலும் பிடித்தார். யாரையும் பார்க்கவில்லை. முதலில் அன்றைய தேதிச் சீட்டைத் தேடி எடுத்து, உதடு அசைய வாசித்தார். விட்டுப்போன நாட்களை ஒவ்வொன்றாக எடுத்து வாசித்தார். அதன் பிறகு விரல் பின்னோக்கி ஓடி மே மாதத்தில் நின்றது. ஒரு தரம் பார்த்தார். மறுபடி பார்த்தார்.

"எது இல்லே பிரதர்?" என்று ஷாரோன் தமிழில் கேட்டாள்.

திடுக்கிட்டு நிமிர்ந்தார். தமிழ் பேசி வெகுகாலம் ஆகியிருக்க வேண்டும், சொல்லைத் தேடினார். "மே பதினேழு. என்ர தங்கச்சி."

"அந்தச் சீட்டு உங்க தங்கச்சிகிட்டயே இருக்கு."

அவருக்கு விளங்கவில்லை. விளங்க வைக்கும்வரை குணவதிக்குப் பொறுமை இல்லை. அடுக்கின் பின்னாலிருந்து வந்து நின்றார்.

"அண்ணை."

இராசநாயகம் கல்லாவைப் பிடித்துக்கொண்டார். நாற்பத்திரண்டு வருடத்துக்கு முன் விட்டுவந்த இருபத்தொரு வயதுப் பெண்ணை, இந்த நரைத்த தலைக்குள் தேடி எடுக்க அவருக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

"குணம்?" என்றார்.

"எனக்கு மீன் குழம்பு வச்சு, ஆரோ வெள்ளைக்கார மனுசிக்குக் குடுத்தனீங்களாம்," என்றார் குணவதி. "அதுவும் ரெண்டு தட்டு. நான் பன்ரெண்டு வருசமா மவுண்ட் வெல்லிங்டனில இருக்கிறன். எனக்கொரு கரண்டி தந்தியளோ?"

அவர் அழுதுகொண்டே சிரித்தார். இருவரும் ஒருவரையொருவர் தொடத் தெரியாமல் நின்றார்கள். வேதவள்ளி வந்து இருவர் கையையும் பிடித்து இழுத்துப்போய், விற்பனைக்கு இருந்த சோபாவில் உட்கார வைத்தார். நாற்பது டாலர் என்ற அட்டை இருவருக்கும் நடுவில் தொங்கியது.

"நாளைக்கு எயார்போட்டுக்கு எத்தினை மணிக்கு வரட்டும் தங்கச்சி?" என்று கேட்டேன்.

"ஆருக்கு எயார்போட்?" என்றார் குணவதி.

அதோடு எங்கள் கேஸ் முடிந்தது என்று நினைத்தேன். ஷாரோன் கோட்டைக்கூட மாட்டிவிட்டாள்.

"சண்டையின்ர கடைசி நாளுகளில செத்த ஆக்களின்ர பட்டியல் ஒண்டு வந்தது," என்று இராசநாயகம் சொல்லிக்கொண்டிருந்தார். "பாரிசில எங்கட சனம் சேர்த்து எழுதினது. பாஷையூர் குணவதி, மகளுடன் எண்டு இருந்தது. உனக்குக் கலியாணம் நடந்ததே எனக்குத் தெரியாது. மகள் ஒண்டு பிறந்திருக்காக்கும் எண்டு நினைச்சன். பதினாறு வருசம் வாசிச்சன்."

"எனக்கு மகள் இல்லை அண்ணை. மகன்." சொல்லிவிட்டுக் குணவதி நிறுத்தினார். முகம் மாறிக்கொண்டே போனது. "அது அந்தோனியார் கோயிலடிக் குணவதி."

சோபாவின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டார்.

"என்னோட படிச்சவள். கிளிநொச்சியில எங்கட கொட்டிலுக்குப் பக்கத்துக் கொட்டில். கடைசியில சனம் ஓடேக்கை தவறிப் போனம். அவள் கனடாவில இருக்கிறாள் எண்டெல்லோ எல்லாரும் சொல்லுகினம். நானும் அப்பிடித்தான் நினைச்சன். போன் எடுக்காமல் இருக்கிறாளே எண்டு கோவிச்சுக்கொண்டும் இருந்தன்."

கைப்பையைத் திறந்து சீட்டை எடுத்தார். இராசநாயகம் அதை வாங்கக் கை நீட்டினார். கிழித்துவிடத்தான் நீட்டினார் என்று நினைக்கிறேன். குணவதி விடவில்லை.

"எறியாதேங்கோ. அவளுக்கு ஒருதரும் அழேல்லை அண்ணை. நீங்கள் மட்டும்தான்."

இராசநாயகம் நீட்டிய கையை மடக்கிக்கொண்டார். பிறகு சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்து, சீட்டை முழங்காலில் வைத்தார். "மகளின்ர பேர் என்ன?"

"வினோஷியா."

*மகளுடன்* என்ற சொல்லுக்குப் பக்கத்தில் அதை எழுதினார். அடுத்தது பொருள் எழுத வேண்டும். பேனா நின்றுவிட்டது.

"அது எங்கட சனம் கேட்க வடிவா இருக்குதெண்டு வச்ச பேர்," என்றேன். "பொருள் தேடினா ஆப்பிடாது."

"ஓம்," என்றார் அவர். "பத்தாயிரம் பேர் பாத்திட்டன். இது எனக்குத் தெரியாது."

"பொருள் கிடக்கட்டும்," என்றார் குணவதி. "பிள்ளைக்குச் சுருட்டைத் தலைமயிர். தலை வாரி இழுக்க விடமாட்டாள், நாலு கொட்டிலுக்குக் கேட்கக் கத்துவாள். அதை எழுதுங்கோ."

அவர் அதை அப்படியே எழுதினார்.